முப்பத்தெட்டாவது ஆள்

ஓர் இசைக்குழு புகழ்பெறாமல் போவதற்குத் திறமைக் குறைவோ, அதிர்ஷ்டக் குறைவோ, பாடகருக்கும் பாஸ் கிட்டார் வாசிப்பவருக்கும் இடையில் ஏற்பட்ட காதல் முறிவோதான் காரணம் என்று படித்தவர்கள்கூட நம்பிக்கொண்டிருக்கிறார்கள். இந்த நம்பிக்கை தவறானது. தவறானது மட்டுமல்ல, தீங்கானதும்கூட. இதை நம்பிய பல நல்ல இளைஞர்கள் தம் கிட்டார்களைப் பரணில் போட்டுவிட்டுக் காப்புறுதி நிறுவனங்களில் சேர்ந்திருக்கிறார்கள் என்பதால், இதைத் திருத்தாமல் கதைக்குள் நுழைவது முறையாகாது. இங்கிலாந்தின் கிழக்குக் கரையில், ஆல்டர்விக் என்னும் சிறிய துறைமுக ஊரில் பதினொரு ஆண்டுகள் இயங்கிய 'டாம்ப் அல்மனாக்' குழுவிடம் (தமிழில் சொன்னால் 'நமுத்துப்போன பஞ்சாங்கம்') திறமை இருந்தது, அதிர்ஷ்டமும் தேவைக்கு இருந்தது, காதல் தொடங்காததால் முறிவும் இல்லை. அவர்கள் புகழ்பெறாததற்கு ஒரே காரணம், அவர்கள் எங்கே வாசித்தாலும் அதை ஒரே நேரத்தில் முப்பத்தேழு பேர்தான் கேட்க முடியும் என்பது.

முப்பத்தெட்டாவது ஆள் கேட்கத் தொடங்கும் கணத்தில் அந்த இடத்தில் இருக்கமாட்டார். முதல் கச்சேரி மீனவர் கழகத்தின் மாடி மண்டபத்தில் நடந்தபோது அறுபது பேர் படியேறிப் போனார்கள். இரண்டாம் பாட்டு முடிவதற்குள் இருபத்துமூன்று பேர் கீழே நடைபாதையில், கையில் பியர்க் கிளாசுடன், தாம் ஏன் வெளியே வந்தோம் என்று யோசித்தபடி நின்றார்கள். யாரும் கோபப்படவில்லை. வாசலில் நின்ற பிரெண்டா என்ற பெண்மணி, மீன்பெட்டிகளை எண்ணிய காலத்திலிருந்து தன்னிடம் இருந்த, அழுத்தினால் 'க்ளிக்' என்று ஒன்று கூடும் கருவியை வைத்துக்கொண்டு, தன் காதில் பஞ்சை அடைத்துக்கொண்டு, நான்கு கச்சேரிகள் எண்ணிப் பார்த்துவிட்டு, "முப்பத்தேழு" என்று அறிவித்தாள். அதற்குப் பிறகு அதை யாரும் சந்தேகிக்கவில்லை. பிரெண்டா மீன்பெட்டியில்கூடப் பிழைவிட்டதில்லை.

லீட்ஸில் வாசித்தார்கள், முப்பத்தேழு பேர். கிளாஸ்கோவில் வாசித்தார்கள், முப்பத்தேழு பேர். ஒரு கோடை விழாவில் இருபதாயிரம் பேர் சேற்றில் நின்று காத்திருக்க, பாடகன் டெஸ்மண்ட் மைக் முன்னால் வந்து வாயைத் திறந்ததும், முப்பத்தேழு பேரைத் தவிர மற்ற எல்லோரும் மாவட்டத்தின் பேருந்து நிறுத்தங்களில் ஒழுங்காக வரிசையில் நின்றார்கள். லண்டனிலிருந்து பெரிய இசைத்தட்டு நிறுவனத்தின் ஆள் மூன்று முறை வந்தார். மூன்று முறையும் ரயில் தாமதம், மூன்று முறையும் முப்பத்தெட்டாவது ஆள். தேசிய வானொலி ஒருநாள் மாலை நான்கு மணிக்கு அவர்கள் பாட்டை ஒலிபரப்பியது. அந்த மூன்றரை நிமிடத்தில் முப்பத்தேழு பேர் போக நாடு முழுவதும் எழுந்து போய்த் தேநீருக்கு மின்கெண்டியைப் போட்டது என்று மின்சாரப் பொறியாளர் ஒருவர் பின்னர் சொன்னார். இசைத்தட்டுகள் மட்டும் இந்த விதிக்கு உட்படவில்லை. அவை வேறு காரணங்களால் விற்கவில்லை.

ஆல்டர்விக் இதற்குப் பழகிக்கொண்டது. தூக்கி எறியப்படுகிறவர்கள் எப்போதும் ஏதாவது ஒரு பேருந்து நிறுத்தத்தில்தான் போய் நிற்பார்கள் என்று தெரிந்ததும், கழகத்துக்கு எதிரே இருந்த நிறுத்தத்தில் நகரசபை ஒரு நீள பெஞ்சும், கம்பளிப் போர்வைகள் வைத்த ஒரு பெட்டியும் போட்டது. முப்பத்தெட்டாம் ஆளின் பணிவைப் பற்றித் தேவாலயத்தில் ஒரு ஞாயிறு பிரசங்கம் நடந்தது. காதலர்கள் ஒன்றாக உள்ளே போய் ஒருவர் மட்டும் வெளியே நின்றால் அதை வைத்துக் கல்யாணத்தைத் தீர்மானிக்கலாமா என்று பெண்கள் சலூனில் விவாதித்தார்கள். ஆனால் ஆண்டுகள் போகப் போக, எறியப்படும் தூரம் கூடிக்கொண்டு போனது. மூன்றாம் ஆண்டில் லிங்கன். ஆறாம் ஆண்டில் கார்லைல். எட்டாம் ஆண்டில் இன்வர்னஸ். அங்கே அக்கா இருக்கிறாள் என்பதற்காகவே வேண்டுமென்று தாமதமாக வந்த ஒரு விதவை, அன்று பார்த்து எதிர்த்திசையில் வேல்ஸுக்குப் போய்ச் சேர்ந்தாள். ஒன்பதாம் ஆண்டில் கடலைத் தாண்டிப் பெல்ஜியம். பத்தாம் ஆண்டில் போர்த்துக்கல். பெஞ்சில் யாரும் இப்போது உட்காருவதில்லை. போர்வைகளைப் பூனைகள் எடுத்துக்கொண்டன.

விதியின் நுட்பத்தை ஊருக்கு விளக்கியவர் தபால்காரர் க்ளைவ். அவர் ஒருநாள் மண்டபத்துக்குள் முதல் ஆளாக நுழைந்து, சுவரோரம் நின்று, மூன்று பாட்டு முடியும்வரை பக்கத்தில் நின்றவரிடம் கால்பந்து பேசிவிட்டு, நான்காம் பாட்டில் "அட, இது நன்றாயிருக்கிறதே" என்று நிமிர்ந்தார், நிமிர்ந்தது இன்வர்னஸில். ஆக, கணக்கில் வருவது வாசலுக்குள் நுழைந்த வரிசையல்ல, கேட்கத் தொடங்கிய வரிசை. அப்படியானால் இசைக்குழுவின் நான்கு பேரும் ஏன் கணக்கில் வருவதில்லை என்று சிலர் கேட்டார்கள். இதற்கு விடை எளிது. வாசிக்கிறவர்கள் தம் பாட்டைக் கேட்பதில்லை. அவர்கள் அடுத்து வரப்போகும் இடத்தை எண்ணிக்கொண்டிருப்பார்கள்.

நான்கு பேரில் டிரம்ஸ் வாசித்தவன் பெயர் குகதாசன். இங்கிலீஷ்காரர்கள் 'கூக்' என்பார்கள், வீட்டில் குகன். அவனுடைய அப்பா அம்பலவாணர், யாழ்ப்பாணத்திலிருந்து வந்து, ஆல்டர்விக் கடற்கரை வீதியில் பத்திரிகையும் பாலும் பாணும் மிட்டாயும் விற்கும் ஒரு கடையை இருபத்தாறு ஆண்டுகளாக நடத்திக்கொண்டிருந்தார். அந்த இருபத்தாறு ஆண்டுகளில் கடை ஒருநாளும், கிறிஸ்துமஸ் அன்றுகூட, பகலில் மூடப்பட்டதில்லை. இவர் மகனின் கச்சேரிக்கு ஒருமுறைகூடப் போனதில்லை. ஆனால் அந்தக் குழுவைப் பற்றி இவரைவிட அதிகம் தெரிந்தவர் ஊரில் இல்லை. காரணம் ஒரு ரப்பர் முத்திரை.

கச்சேரிக்கு வருகிறவர்களின் மணிக்கட்டில் வாசலில் ஒரு முத்திரை குத்துவது அந்த நாட்டு வழக்கம். முதல் கச்சேரிக்கு முத்திரை இல்லாததால் குகன் அப்பாவின் கடை முத்திரையை எடுத்துக்கொண்டு போனான். அதில் கடையின் பெயரும் தொலைபேசி எண்ணும் இருந்தன. அதன் பிறகு அதுவே நிலைத்துவிட்டது. எனவே லிங்கனிலோ லிஸ்பனுக்குப் பக்கத்திலோ ஒரு பேருந்து நிறுத்தத்தில் கண்விழித்தவர் செய்கிற முதல் வேலை, தன் மணிக்கட்டைப் பார்த்து அம்பலவாணரைக் கூப்பிடுவது. கல்லாவுக்குப் பின்னால் இருந்த சிவப்புத் தொலைபேசி அடிக்கும். இவர் எடுப்பார். "எந்த நிறுத்தம்? பலகையில் என்ன எழுதியிருக்கிறது? அசையாதீர்கள். முதலில் வருகிற பேருந்தில் ஏறாதீர்கள்" என்று மருத்துவரைப்போலப் பேசுவார், உறவினருக்குச் சொல்லுவார், பிறகு பால் வைக்கும் குளிர்பெட்டிக்கு மேலே சுவரில் ஒட்டியிருந்த ஐரோப்பியப் படத்தில் ஒரு குண்டூசியைக் குத்துவார். பதினொரு ஆண்டுகளில் படத்தில் நூற்றுப்பன்னிரண்டு ஊசிகள் சேர்ந்திருந்தன. ஊர் அந்தப் படத்தைத் தேவாலய மணிக்கூட்டைப் பார்ப்பதுபோலப் போகும்போதும் வரும்போதும் பார்த்துக்கொண்டது.

மார்ச் மாதத்தில் மொய்ரா போனாள். மீன்பொரியல் கடையில் வேலை செய்தவள், முதல் கச்சேரியிலிருந்து ஒன்றையும் விடாத முப்பத்தேழு பேரில் ஒருத்தி. அன்று ஷூ நாடாவைக் கட்டக் குனிந்ததில் கவனம் சிதறி, அவள் திரும்பக் கேட்கத் தொடங்குவதற்குள் வெளியூர்க்காரன் ஒருவன் அவள் இடத்தைப் பிடித்துவிட்டான். சிவப்புத் தொலைபேசி அன்று அடிக்கவில்லை. மறுநாளும் அடிக்கவில்லை. அம்பலவாணர் அவளுக்கான ஊசியை எடுத்து, குத்த இடமில்லாமல், ஒரு தீப்பெட்டிக்குள் போட்டுக் கல்லாவின் மேல் வைத்தார். ஏப்ரல் போனது, கோடை போனது, தீப்பெட்டி அங்கேயே இருந்தது. பத்திரிகை வாங்க வருகிறவர்கள் முதலில் அதைத்தான் பார்த்தார்கள். சில்லறையை அதற்குப் பக்கத்தில் வைக்காமல் தள்ளி வைத்தார்கள்.

அக்டோபரில் டெஸ்மண்ட் போதும் என்றான். ஒரே ஒரு கச்சேரி, நவம்பரில் ஒரு ஞாயிறு, பிற்பகல் மூன்று மணி, மீனவர் கழகத்து மாடியில், அதோடு முடிந்தது. வெளியாள் ஒருவரும் இல்லை. பெயர் எழுதி, எண்ணி, முப்பத்தேழு பேர். பழைய முப்பத்தேழில் மொய்ரா போக முப்பத்தாறு. மிச்சமிருக்கும் ஓர் இடம் யாருக்கு என்று டெஸ்மண்ட் கேட்டபோது, அதுவரை ஒன்றுமே கேட்காத குகன், "அது எனக்கு வேண்டும்" என்றான். அன்றிரவு அவன் டொரொண்டோவுக்கு, அக்காவின் பிள்ளைப்பேற்றுக்குத் துணையாகப் போயிருந்த அம்மாவுக்குத் தொலைபேசி எடுத்தான்.

"அப்பா வருவாரோ அம்மா?"

"நீ சொன்னனியோ?"

"பதினொரு வருசமாய்க் கடை யன்னலில நோட்டிஸ் ஒட்டியிருக்கே."

"விசரா. நோட்டிசைப் பாத்திட்டு அந்த மனிசன் வருமோ? முறையாய்ப் போய்ச் சொல்லு. பின்வாசலால போகாத. வெறுமனே 'வாங்கோ' எண்டு சொல்லாத, 'குடும்பத்தோட வாங்கோ' எண்டு சொல்லு. அப்பிடித்தான் சொல்லுறது."

வியாழன் காலை குகன் கடையின் முன்வாசலால் போனான். கதவு மணி அடித்தது. அம்பலவாணர் பத்திரிகைக் கட்டின் கயிற்றை வெட்டிக்கொண்டிருந்தார்.

"என்ன வேணும்?"

"அப்பா, நான்."

"தெரியுது. முன்வாசலால வாறவை எல்லாம் என்னவும் வாங்கத்தான் வாறவை. என்ன வேணும்?"

"சொல்ல வந்தனான்."

அம்பலவாணர் கத்தரிக்கோலைக் கீழே வைத்தார். ரேடியோவை நிறுத்தினார். கல்லாவுக்குப் பின்னாலிருந்து வெளியே வந்து நின்றார்.

"வாற ஞாயிறு மூண்டு மணிக்கு எங்கட கடைசிக் கச்சேரி. நீங்கள் கட்டாயம் வரவேணும்," என்றான் குகன். அவர் இன்னும் காத்து நின்றார். "குடும்பத்தோட வரவேணும்."

"இது பார், இதுதான் சொல்லுறது," என்றார் அவர். குரல் சற்று இளகியிருந்தது. "பதினொரு வருசம் உன்ர நோட்டிசை நான்தான் டேப் போட்டு ஒட்டினனான். அது ஊருக்குச் சொன்னது. எனக்கு ஆர் சொன்னது?"

"அப்ப வாறியளோ?"

அவர் சிவப்புத் தொலைபேசியைத் திரும்பிப் பார்த்தார். பிறகு தீப்பெட்டியை.

"போனை ஆர் பாக்கிறது?"

"போன் அடிக்காதப்பா. எண்ணி முப்பத்தேழு பேர். நீங்கள் முப்பத்தேழாவது. ஒருத்தரும் போகாயினம்."

"நான் போகமாட்டன் எண்டு உனக்கு எப்பிடித் தெரியும்?"

அதைத்தான் குகன் ஒரு வாரமாக, நித்திரையில்லாமல், யோசித்துக்கொண்டிருந்தான்: ஒருவர், ஒரே ஒருவர் கூடினால், கேட்கத் தொடங்குவதில் கடைசி ஆளாக இருக்கக்கூடியவர் அந்த மண்டபத்தில் யார் என்பது அவனுக்குத் தெரியும். இசை என்றால் கடைக்குள் ரேடியோ செய்தி தொடங்குவதற்கு முன்னால் வரும் சத்தம் என்று நினைத்திருந்தவர், அறுபத்தெட்டு வயது, இரத்த அழுத்தத்துக்குக் காலையில் இரண்டு மாத்திரை.

ஞாயிறு இரண்டு மணிக்கு அம்பலவாணர் கடையை மூடினார். இருபத்தாறு ஆண்டுகளாகப் பகலில் திருப்பாத பூட்டு திரும்ப மறுத்தது. தையல் மெஷின் எண்ணெய் விட்டு, தோளால் கதவைத் தள்ளிப் பிடித்து, பத்து நிமிடத்தில் பூட்டினார். கோட்டும் டையும் கட்டியிருந்தார். கழகத்தின் படியடியில் ஒரு நீல வான் வந்து நின்றது. அதிலிருந்து அவருடைய தம்பி நடேசரும் மனைவி இந்திராணியும் இறங்கினார்கள். அவள் கையில் வெள்ளித்தாள் மூடிய தட்டு நிறைய ஆட்டிறைச்சி ரோல்ஸ்.

பிரெண்டாவின் கருவி அதுவரை முப்பத்தாறைக் காட்டியது. அம்பலவாணர் வந்தார், க்ளிக். முத்திரை குத்தப் போனவளிடம் கையை இழுத்துக்கொண்டு, தன் கடையின் எண் தனக்குத் தெரியும் என்றார். நடேசர் வந்தார், க்ளிக். இந்திராணி வந்தாள், க்ளிக். பிரெண்டா கருவியைக் குகனிடம் நீட்டினாள். முப்பத்தொன்பது.

"சித்தப்பா, நீங்கள் எப்பிடி..." என்றான் குகன்.

"எப்பிடியெண்டா? குடும்பத்தோட எண்டு சொன்னனியாம். அண்ணை போன் எடுத்துச் சொன்னவர், பெடியன் முறையாய் வந்து சொல்லிப்போட்டான் எண்டு. நாங்கள் குடும்பமில்லையோ?"

"ஹாரோவில இருந்து நாலு மணித்தியாலம்," என்றாள் இந்திராணி. "இந்தாள் வழியில ரெண்டு தரம் பிழையாய்த் திருப்பினது. இந்தத் தட்டை எங்க வைக்கிறது தம்பி?"

டெஸ்மண்ட் மேலேயிருந்து இறங்கி வந்தான். குகன் நடந்ததை இங்கிலீஷில் சொன்னான்.

"அது சும்மா சொல்கிற வார்த்தைதானே?" என்றான் டெஸ்மண்ட். "எப்போதாவது ஒரு பியருக்கு வா என்று நாம் சொல்வதுபோல?"

"எங்களில் சொன்னால் வருவார்கள்."

"அவர்களை ஒரு மணி நேரம் வானில் இருக்கச் சொல்ல முடியாதா?"

குகன் அப்பாவைப் பார்த்தான். அம்பலவாணர் டையைச் சரிசெய்துகொண்டு தம்பிக்குப் படியைக் காட்டிக்கொண்டிருந்தார். வாசலில் வைத்து அவர்களைத் திருப்பினால், அவரும் திரும்பிவிடுவார். இந்த ஜென்மத்தில் பிறகு வரமாட்டார்.

இதையெல்லாம் மேல்படியில் நின்று பார்த்துக்கொண்டிருந்த தபால்காரர் க்ளைவ், தன் மனைவியின் காதில் ஏதோ சொன்னார். இருவரும் கோட்டை மாட்டிக்கொண்டு இறங்கி வந்தார்கள். "நாங்கள் முன்கூட்டியே நிறுத்தத்தில் போய் நிற்கிறோம்," என்றார் க்ளைவ், "இன்வர்னஸைவிடப் பக்கம்." பதினொரு ஆண்டு விடாமல் வந்தவர்கள். டெஸ்மண்ட் தரையைப் பார்த்தான். பிரெண்டா கருவியில் இரண்டைக் குறைக்க வழியில்லாததால், அதைப் பூச்சியத்துக்குத் திருப்பி, எல்லோரையும் முதலிலிருந்து எண்ணினாள். முப்பத்தேழு. இந்திராணி, நடந்தது என்ன என்று புரியாமல், மழையில் நிற்கப்போகிறவர்கள் என்பது மட்டும் புரிந்து, ஆளுக்கு மூன்று ரோல்ஸைக் கையில் திணித்தாள்.

மூன்று மணி ஐந்து நிமிடத்துக்குத் தொடங்கினார்கள். கதவுகள் அடைக்கப்பட்டன. பிரெண்டா வெளியே, முதுகைக் கதவில் சாய்த்து, காதில் பஞ்சோடு நின்றாள். உள்ளே யாரும் ஆடவில்லை, யாரும் தண்ணீர் குடிக்கவில்லை, யாரும் ஷூ நாடாவைப் பார்க்கவில்லை. வாசித்தவர்களும் கேட்டவர்களும் ஒருவரையொருவர் எண்ணிக்கொண்டிருந்தார்கள். முன்வரிசை நாற்காலியில் அம்பலவாணர் இரண்டு கைகளையும் முழங்காலில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அவர் கேட்கவில்லை. டிரம்ஸுக்குப் பின்னாலிருந்து குகனுக்கு அது தெளிவாகத் தெரிந்தது: அவர் கடையில் பள்ளிவிடும் நேரத்தில் நிற்பதுபோல, மண்டபத்தில் யாருடைய கை எங்கே போகிறது என்று பார்த்துக்கொண்டிருந்தார். இடையிடையே கடற்கரை வீதிப் பக்கமாகத் தலையைத் திருப்பினார். ஆறு பாட்டுகள் இப்படிப் போயின. நடேசர் ஃபோனில் படம் எடுத்தார். இந்திராணி மூன்றாம் பாட்டிலிருந்து கண்ணை மூடித் தலையை ஆட்டிக் கேட்டாள், அது யாரும் எதிர்பாராதது.

கடைசிப் பாட்டின் பெயர் 'ஒற்றைக் கையுறை'. அதில் ஓர் இடம் உண்டு. கிட்டார்களும் குரலும் ஒன்றாக நின்றுவிடும், எல்லோரும் டிரம்ஸுக்காகக் காத்திருப்பார்கள், அடி விழவேண்டிய இடத்தில் விழாது, அரைக் கணம் பிந்தி விழும். முதல் தடவை அது பிந்தியபோது அம்பலவாணரின் தலை சட்டென்று நிமிர்ந்தது. மகன் பிழைவிட்டுவிட்டான் என்று அவர் நினைத்தார். இத்தனை பேருக்கு முன்னால், தம்பிக்கும் தம்பி மனைவிக்கும் முன்னால் பிழைவிட்டுவிட்டான் என்று அவர் கைகள் முழங்காலை இறுக்கிப் பிடித்தன. இரண்டாவது தடவை, அதே இடத்தில், அதே அளவு பிந்தி, அடி விழுந்தது. அது பிழையல்ல என்று அவருக்கு விளங்கியது. அவன் வேண்டுமென்றே நிற்கிறான். எல்லோரையும் நிற்கவைத்துவிட்டு நிற்கிறான். அம்பலவாணர் கேட்கத் தொடங்கினார்.

முப்பத்தேழாவது ஆளாக அவர் கேட்பதைக் குகன் பார்த்தான். மூன்றாவது தடவை அந்த இடம் வரப்போகிறது என்று அப்பாவுக்குத் தெரிந்துவிட்டது என்பதையும், அவருடைய தாடை அதற்காக இப்போதே சற்று உயர்ந்து காத்திருக்கிறது என்பதையும் பார்த்தான். பதினொரு ஆண்டுகளாக அந்த இடத்துக்கு முன்னால் மனதுக்குள் ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணியவன், அன்று எண்ணவில்லை. அப்பாவுக்கு அது எப்படிக் கேட்கிறது என்று அறிய ஆசைப்பட்டு, கேட்டான்.

கிட்டார்கள் நின்றன. குரல் நின்றது. எல்லோரும் அடிக்காகக் காத்திருந்தார்கள். அரைக் கணம் போனது. முழுக் கணம் போனது. டிரம்ஸுக்குப் பின்னால் இருந்த ஸ்டூலின் மெத்தை, ஆள் எழுந்த இடத்தில் எழும்புவதுபோல, மெதுவாக மேலே வந்தது.

யாரோ ஒரு பெண் கத்தினாள். டெஸ்மண்ட் திரும்பிப் பார்த்தான், முகம் வெளிறியது, ஆனால் பாட்டில் இன்னும் எட்டு வரி இருந்தது. மூன்று பேரும் அதை வாசித்தார்கள், வேறு என்ன செய்வதென்று அவர்களுக்குத் தெரியவில்லை. அம்பலவாணர் எழுந்திருக்கவில்லை. முறையாக அழைத்த இடத்திலிருந்து அவர் நடுவில் எழுந்து போனதில்லை. கடைசி வரி முடிந்து ஒலிபெருக்கியின் இரைச்சல் அடங்கியதும் எழுந்தார், கோட்டுப் பையில் சாவியைத் தொட்டுப் பார்த்தார், பிறகு ஓடினார்.

முப்பத்தாறு பேரும் வாசித்த மூவரும் அவருக்குப் பின்னால் படியிறங்கி ஓடினார்கள். பேருந்து நிறுத்தத்தில் ரோல்ஸோடு நின்ற க்ளைவும் மனைவியும் ஒன்றும் கேட்காமல் சேர்ந்துகொண்டார்கள். கடற்கரை வீதி முனையிலேயே அது கேட்டது: பூட்டிய கடைக்குள் சிவப்புத் தொலைபேசி அடித்துக்கொண்டிருந்தது.

சாவி நுழைந்தது, திரும்பவில்லை.

"அண்ணை, விடுங்கோ, நான் பாக்கிறன்," என்றார் நடேசர்.

"கையை எடு. இதுக்கு ஒரு பக்குவம் இருக்கு."

மணி நின்றது. வீதியில் எல்லோரும் மழையில் நின்றார்கள். மொய்ராவின் அக்கா வாயைப் பொத்திக்கொண்டாள். அம்பலவாணர் தோளால் கதவைத் தள்ளிப் பிடித்தார், சாவியை அரை அங்குலம் வெளியே இழுத்துத் திருப்பினார், பூட்டு விட்டது, அவர் கல்லாவைச் சுற்றி வருவதற்குள் மணி மறுபடியும் அடித்தது.

"அம்பலம் நியூஸ்," என்றார், பழக்கத்தில். பிறகு, "தம்பி. எங்க நிக்கிறாய்?"

"பஸ் நிறுத்தம் ஒண்டு அப்பா. இருட்டியிட்டுது. ஆனா வேர்க்குது."

"அசையாத. ஆற்ற போன்?"

"இங்க நிக்கிற ஒராளின்ர. தமிழில கேட்டனான். நான் கதைக்கிறதைப் பாத்துச் சிரிக்கினம்."

"சிரிப்பினம்," என்றார் அம்பலவாணர். "கையில என்ன கிடக்கு?"

"ரெண்டு தடி. அப்பா, பாட்டு முடிஞ்சுதோ?"

"முடிஞ்சுது."

"எப்பிடி?"

அவர் யோசித்தார். கடை நிறைய ஆட்கள் நனைந்த கோட்டுகளோடு மூச்சை அடக்கிக்கொண்டு நின்றார்கள்.

"நீ போனாப்பிறகு நடுவில ஒரு ஓட்டை கேட்டுது," என்றார்.

மறுமுனையில் யாரோ அவனிடம் ஏதோ சொல்வதும், அவன் "பொறுங்கள், பொறுங்கள்" என்று இங்கிலீஷில் சொல்வதும் கேட்டன.

"அப்பா, மொய்ரா இங்கதான் நிக்கிறா. எதிர்ப்பக்கத்துப் பேக்கரியில வேலையாம். கையில குத்தின நம்பரின்ர கடைசி ரெண்டு இலக்கமும் வேர்வையில அழிஞ்சு போச்சாம். ஒவ்வொண்டாய் மாத்தி மாத்தி அடிச்சுப் பாத்துக்கொண்டிருந்தவவாம். அறுபத்தொன்பது வரைக்கும் வந்திட்டாவாம்."

கடையின் எண் எழுபத்தொன்றில் முடிகிறது.

"தன்ர பூனைக்கு ஆர் சாப்பாடு போடுறதெண்டு கேக்கிறா."

அம்பலவாணர் ஒலிவாங்கியைக் கையால் பொத்திக்கொண்டு, மொய்ராவின் அக்காவிடம் இங்கிலீஷில் அதைக் கேட்டார். அவள் அழுதபடியே தான்தான் என்று மார்பைத் தொட்டுக் காட்டினாள். அவர் அதைக் குகனுக்குச் சொன்னார். பிறகு, பலகையில் என்ன எழுதியிருக்கிறது என்று அந்த போன்காரரையே வாசிக்கச் சொல்லும்படி கேட்டார். வாசித்த யாழ்ப்பாணத்து ஊர்ப் பெயரைக் கேட்டார். இன்னொருமுறை வாசிக்கச் சொன்னார்.

"முதல் வாற பஸ்ஸில ஏறாத," என்றார்.

தீப்பெட்டியிலிருந்து ஓர் ஊசியையும் மேசை இழுப்பறையிலிருந்து ஓர் ஊசியையும் எடுத்துக்கொண்டு அவர் படத்துக்கு முன்னால் போய் நின்றார். படம் கிழக்கே துருக்கியோடு முடிந்துவிட்டது. நடேசர் ஒரு நூலைப் பிடித்து, ஆல்டர்விக்கிலிருந்து அளவு பார்த்து, இடத்தைச் சொன்னார். அது படத்துக்கு வெளியே வலப்பக்கமாக மூன்றடி தள்ளி, கீழே, குளிர்பெட்டிக்குப் பின்னாலிருந்த வெறும் சுவரில் வந்தது. டெஸ்மண்டும் க்ளைவும் சேர்ந்து பெட்டியை ஓரடி வாசல் பக்கமாக நகர்த்தினார்கள், அம்பலவாணர் முழங்காலிட்டு இரண்டு ஊசிகளையும் பக்கம் பக்கமாகக் குத்தினார்.

பெட்டி இப்போதும் அங்கேதான் நிற்கிறது. கடைக் கதவு முழுதாகத் திறப்பதில்லை. பத்திரிகை வாங்க வருகிறவர்கள் பக்கவாட்டில் திரும்பி உள்ளே வருகிறார்கள்.